யில்மாஸ் குனேயை முதலில் ஒலியில்லாமல் பாருங்கள்

பாரிஸில் எங்கள் தமிழ் நாடகக் குழுவுக்கு நடிக்க வரும் பிள்ளைகளுக்கு நான் முதலில் போட்டுக் காட்டும் படம் ‘உமுட்’. 1970இல் துருக்கியின் அதானா நகரத்தில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். முதல் கால் மணி நேரத்துக்கு ஒலியை நிறுத்திவிடுவேன். துருக்கியின் பேர்பெற்ற நடிகரும் இயக்குநருமான யில்மாஸ் குனே அதில் ஜப்பார் என்ற குதிரை வண்டிக்காரன். சவரம் செய்யாத முகம், தொய்ந்த தோள். சவாரிக்குக் காத்திருக்கிறான், லாட்டரிச் சீட்டில் நம்பிக்கை வைத்திருக்கிறான், மெலிந்த குதிரைகளை ஓட்டிக்கொண்டு தெருத் தெருவாய்ப் போகிறான். நிறுத்திவிட்டு, “இவனைப் பற்றி என்ன தெரியும்?” என்று கேட்பேன். கடன் இருக்கிறது, வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருக்கவேண்டும், குதிரைகளுக்குத் தீனி காணாது என்று பிள்ளைகள் ஒவ்வொன்றாய்ச் சொல்லுவார்கள். ஒரு வசனமும் கேட்காமல் இவ்வளவும் அவர்களுக்குப் பிடிபட்டுவிடும்.

ஒலியை நிறுத்துவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. படத்தில் கேட்பது துருக்கி மொழி. நடிப்பவர் குர்தியர், துருக்கிக்குள் தனி மொழியோடு வாழும் இனத்தவர். நூற்றுக்கு மேற்பட்ட படங்களில் நடித்த அந்த மனிதருக்குத் தன் தாய்மொழியில் ஒரு படத்தில்கூட நடிக்க வாய்க்கவில்லை. அவருடைய நாட்டு அரசு அதற்கு இடம் கொடுக்கவில்லை. வாய் பேச முடியாததை உடம்பு எப்படிப் பேசியது என்பதை ஒரு நடிகன் படிக்க வேண்டுமானால் குனேயிடம்தான் போகவேண்டும் என்பது என் எண்ணம். எங்களுடைய பிள்ளைகளுக்குத் தமிழை யாரும் தடைசெய்யவில்லை. ஆனாலும் மேடையில் ஏறியவுடன் தமிழ் வசனத்தில் அவர்களுடைய உடம்பு விறைத்துப்போகிறது. பிரெஞ்சில் கதைத்தால் அதே உடம்பு இளகிவிடுகிறது. அந்த விறைப்பை எடுக்க வழி தேடிப் போனபோதுதான் குர்திய நடிகர்களிடம் போய்ச் சேர்ந்தேன்.

போய்ச் சேருவதற்குத் தூரம் ஒன்றும் இல்லை. லாச்சப்பலில் எங்கள் கடைகள் இருக்கும் அதே ஃபொபூர் சான் தெனி தெருவைப் பிடித்துத் தெற்கே நடந்தால் அரை மணி நேரம் ஆகாது, குர்தியர்களின் ரொட்டிக் கடைகளும் தேநீர்க் கடைகளும் வந்துவிடும். மேல் முனையில் தமிழ், கீழ் முனையில் குர்திய மொழி. அந்தக் கீழ் முனையில்தான் ஒரு குர்திய நாடக நடிகர் எனக்கு அறிமுகமானார். பகலில் சமையலறை வேலை, இரவில் ஒத்திகை. அங்கே எல்லோரும் ஒருவரை ஒருவர் ‘ஹெவால்’ என்று கூப்பிடுவார்கள், தோழர் என்கிற மாதிரி. நான் அவரை ‘அண்ணை’ என்று கூப்பிடத் தொடங்கினேன். கொஞ்ச நாளில் அவரும் என்னை அப்படியே கூப்பிட்டார். அவருடைய பட்டறைகளில் நான் பார்த்ததும் செய்ததும், பிறகு எங்கள் பிள்ளைகளுடன் செய்து பார்த்துப் பயன் கண்டதும்தான் கீழே வருகிறது.

முதலில் குனே. 1937இல் அதானாவுக்குப் பக்கத்தில் யெனிஜே என்ற கிராமத்தில் பிறந்தவர். இயற்பெயர் யில்மாஸ் புதுன். தகப்பன் சிவெரெக் பக்கத்துக் குர்தியர், தாய் வார்தோ பக்கத்துக் குர்தியப் பெண். பருத்தி வயல் கூலிக் குடும்பம். அவர் நடிப்புப் பள்ளிக்கூடம் எதிலும் படித்ததில்லை. இளவயதில் பட விநியோகக் கம்பனிகளுக்காகப் படச்சுருள்களைக் கொண்டுதிரிந்தவர். பிறகு இஸ்தான்புல் போய் அதிஃப் யில்மாஸ் என்ற இயக்குநரிடம் உதவியாளராகவும் திரைக்கதை எழுதுபவராகவும் நடிகராகவும் சேர்ந்தார். 1961இல் அவர் எழுதிய ஒரு கதையில் பொதுவுடைமைப் பிரச்சாரம் இருக்கிறதென்று ஒன்றரை ஆண்டு சிறை. வெளியே வந்ததும் அடிதடிப் படங்கள், பழிவாங்கும் படங்கள், ஒரே ஆண்டில் 20 படங்கள் வரை. அந்தக் காலத்துத் துருக்கிப் படங்களின் கதாநாயகர்கள் நல்ல வெள்ளைத் தோலும் சீவிய தலையுமாக இருப்பார்கள். இவர் மெலிந்த, கறுத்த, கன்னம் ஒட்டிய ஆள். ‘அழகில்லாத ராஜா’ என்று சனம் பேர் வைத்தது. துருக்கியின் ஆசியப் பகுதியான அனதோலியாவின் சின்ன ஊர்களில் திரையரங்குக்கு வந்த கூலிக்காரனும் லாரிக்காரனும் தன் முகத்தையே திரையில் கண்டான்.

படச்சுருள் கொண்டுதிரிந்த காலத்தை அவருடைய நடிப்புப் பள்ளிக்கூடமாகவே நான் எடுத்துக்கொள்கிறேன். சனம் எந்த இடத்தில் அமைதியாகிறது, எங்கே இருமுகிறது, எங்கே கதிரையில் முன்னுக்கு நகர்கிறது என்பதையெல்லாம் பார்த்திருக்கக்கூடிய வேலை அது. இதை வைத்து நாங்கள் ஒரு பழக்கம் ஏற்படுத்தினோம். புதிதாக வருபவர் முதல் நாடகத்தில் நடிக்கமாட்டார். மேடையின் பக்கத்தில் ஒரு கதிரை போட்டு, நாடகத்தைப் பார்க்காமல் சனத்தைப் பார்த்துக் குறிப்பு எழுதவேண்டும். ஆரம்பத்தில் பிள்ளைகளுக்கு இது பிடிக்காது. ஆனால் அடுத்த நாடகத்தில் அவர்கள் மேடைக்கு வரும்போது, எங்கே வசனத்தை நிறுத்தி மூச்சு விடவேண்டும் என்று நான் சொல்லிக்கொடுக்கத் தேவையே இருப்பதில்லை.

‘உமுட்’டில் படிக்கவேண்டிய அடுத்த விஷயம் கைகள். ஜப்பாரின் குதிரைகளில் ஒன்றைக் கார் மோதிக் கொன்றுவிடுகிறது. பணக்காரனின் கார், ஆனால் குற்றம் வண்டிக்காரன் தலையில். அந்த இடத்தில் குனே பெரிதாக அழுது காட்டுவதில்லை. குதிரையோடு பல வருசம் வாழ்ந்த ஒருவனின் உடம்பு அங்கே நிற்கிறது. கடைசியில் ஒரு ஹோஜாவின், அதாவது மதகுருவின், பேச்சை நம்பிப் புதையல் தோண்டப் போய், கண்ணைக் கட்டிக்கொண்டு குழியைச் சுற்றிச் சுற்றி வருகிறான். அந்தப் பைத்தியம் நமக்கு நம்பும்படியாக இருப்பதற்குக் காரணம், படம் முழுக்க அந்தக் கைகள் ஒரு பொய்யும் சொல்லாததுதான். துருக்கித் தணிக்கை இந்தப் படத்தைத் தடைசெய்தது. கள்ளமாக வெளியே கொண்டுபோய்த்தான் பிரான்சின் கான் நகரத்தில் காட்டினார்கள்.

எங்கள் நாடகம் ஒன்றில் உணவகத்தில் கோப்பை கழுவும் ஒருவர் முக்கியமான பாத்திரம். இங்கே வந்த எங்கள் ஆட்களில் பலர் செய்த வேலை அது. நடித்த பொடியன் நன்றாக வசனம் பேசுவான், ஆனால் கழுவுகிற மாதிரி கையைச் சுற்றிச் சுற்றி ஆட்டிக்கொண்டு நின்றான். அவனுடைய தகப்பனை ஒத்திகைக்குக் கூப்பிட்டோம். அவர் வெறும் மேசையில் நின்று காட்டினார். மிச்சச் சாப்பாட்டை ஒரே தட்டலில் வாளிக்குள் கொட்டுவது, கோப்பைகளை அளவு வாரியாக அடுக்குவது, சுடுதண்ணி ஆவிக்கு முகத்தைத் திருப்பிக்கொள்வது, இடுப்பு வலிக்கு ஒரு காலைத் தூக்கி மற்றக் காலில் வைப்பது. மகன் பார்த்துக்கொண்டே நின்றான். தகப்பன் இந்த வேலையைச் செய்ததை அவன் ஒரு நாளும் நேரில் பார்த்ததில்லை. அதற்குப் பிறகு வசனத்தில் பாதியை வெட்டிவிட்டோம், தேவைப்படவில்லை. யாராவது என்னிடம் நடிப்புக்கு ஒரே ஒரு வழி கேட்டால் இதைத்தான் சொல்லுவேன்: பாத்திரத்தின் வேலையை, அந்த வேலை செய்தவரிடமே போய்ப் படியுங்கள். உணர்ச்சியை அதற்குப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

இனி மேடைக்கு வருகிறேன். துருக்கியில் 1983இல் வந்த 2932ஆம் இலக்கச் சட்டம் குர்திய மொழிப் பயன்பாட்டைத் தடைசெய்தது. 1991இல்தான் அது நீக்கப்பட்டது. அதே ஆண்டு இஸ்தான்புலில் மெசொப்பொத்தேமியா பண்பாட்டு மையம் தொடங்கியது. அங்கிருந்துதான் ‘தியாத்ரா ஜியானா நூ’ என்ற குர்திய நாடகக் குழு வளர்ந்தது. மையத்தைத் தொடங்கியவர்களில் ஒருவரான எழுத்தாளர் மூசா அந்தெர் 1992இல் குர்தியர் பெரும்பான்மையாக வாழும் தியார்பக்கிர் நகரில் சுட்டுக் கொல்லப்பட்டார். இப்படி ஒரு சூழலில் நடிக்க வந்தவர்களுக்கு ஆசிரியர், பாடப்புத்தகம், நாடகப் பிரதி எதுவும் ஆயத்தமாக இருக்கவில்லை. குர்திய மொழியின் முதல் நாடகமாகப் பலரும் சொல்லும் ‘மெமே ஆலான்’ 1919இல் இஸ்தான்புல் சஞ்சிகை ஒன்றில் வெளியானது. அதற்குப் பிறகு துருக்கிக்குள் ஒரு நீண்ட வெறுமை. சோவியத் ஆர்மீனியாவில் மட்டும் 1937 தொடக்கம் பத்து ஆண்டுகள் ஒரு குர்திய அரச நாடக அரங்கு இயங்கியது.

ஆகவே அவர்கள் தங்கள் பாட்டிமாரிடமும் ‘தெங்பேஜ்’களிடமும் போனார்கள். தெங்பேஜ் என்பவர் கதைப்பாடகர். பெரும்பாலும் வாத்தியம் கிடையாது. உட்கார்ந்தபடியே, ஒரு கையைக் காதோரம் வைத்து, போரையும் காதலையும் சாவையும் ஒரே குரலில் மணிக்கணக்காய்ச் சொல்லிப் பாடுவார். நண்பரின் பட்டறையில் முதல் பயிற்சியே இதுதான். தரையில் இருந்து, கையைக் கால் முட்டியில் வைத்து, உங்களுக்குத் தெரிந்த ஒரு சாவுச் செய்தியைத் தாய்மொழியில் சொல்லவேண்டும். கை அசையக்கூடாது, தலை ஆட்டக்கூடாது, நடுவில் மூச்சுக்காக நிறுத்தும் இடத்தை நீங்களே தீர்மானித்துக்கொள்ளவேண்டும். மத்தளத்துக்கு ஆடிப் பாடிப் பழகிய கூத்துக்காரருக்கு இது பெரிய கடினம். அண்ணாவியார் படிப்பித்ததெல்லாம் காலில் இருக்கிறது. காலைக் கட்டிப்போட்டால் குரல் எங்கே போகும் என்று தெரியாது. ஆனால் அந்த நிலையில் சில ஒத்திகைகள் இருந்து பார்த்தபின், குரல் வயிற்றுக்குள் இறங்கிவிட்டது. எழுந்து கூத்து ஆடினால் ஆட்டமும் குரலும் ஒன்றையொன்று தின்னாமல் நின்றன. எங்கள் பிள்ளைகளுடன் இதை ஒப்பாரி வரிகளை வைத்துச் செய்கிறோம். தமிழ் உச்சரிப்புத் திருத்துவதற்கு இதைவிட நல்ல வழியை நான் இன்னும் காணவில்லை. மூச்சு ஆறுதலாகப் போகும்போது ழகரமும் தானாக வருகிறது.

இரண்டாவது பயிற்சி மொழி மாற்றுவது. ஒரு சின்னக் காட்சி, உதாரணமாகக் கடன் கேட்டு வரும் அண்ணனும் இல்லை என்று சொல்லும் தம்பியும். முதலில் ஆட்சிமொழியில் நடிக்கவேண்டும், பிறகு வீட்டு மொழியில். குர்திய நடிகர்கள் துருக்கியில் செய்தபோது நெஞ்சு நிமிர்ந்து, கண் நேராகப் பார்த்தது. குர்தியில் அதே காட்சி வந்தபோது தம்பி அண்ணனின் கண்ணைப் பார்க்கவே இல்லை. எங்கள் பிள்ளைகளிடமும் அப்படியே நடந்தது. பிரெஞ்சில் இருவரும் சமமானவர்கள். தமிழில் ‘அண்ணா’ என்ற சொல் வாயில் வந்தவுடன் தோள் ஒரு அங்குலம் இறங்கியது. இந்த வேறுபாட்டைப் பிள்ளைகளே கண்டுபிடித்துச் சொல்லும்போது, தமிழ் வசனத்தில் வரும் விறைப்புக்குக் காரணமும் தெரிந்துவிடுகிறது. அவர்கள் பிரெஞ்சு உடம்போடு தமிழ் வசனம் பேசிக்கொண்டிருந்தார்கள். கண்டித்துத் திருத்தப் போனால் விறைப்பு கூடும். இரண்டு மொழியிலும் மாறி மாறிச் செய்யவிடுவதே போதும்.

குனேயின் பிற்காலப் படங்களில் இதே பிரச்சினை வேறு விதமாக வருகிறது. 1974இல் யுமுர்தாலிக் என்ற ஊரில் ஒரு தகராற்றில் செஃபா முத்லு என்ற நீதிபதி சுட்டுக் கொல்லப்பட்டார். அந்தக் கொலைக்காகக் குனேக்கு நீண்ட சிறைத்தண்டனை கிடைத்தது. சிறைக்குள் இருந்தே திரைக்கதை எழுதினார். ‘சுரூ’வை ஸெகி ஒக்தென் இயக்கினார், ‘யோல்’லை ஷெரிஃப் கோரென். ‘சுரூ’ ஆட்டுமந்தையோடு அங்காரா போகும் குர்திய இடையர் குடும்பத்தின் கதை. அவர்கள் எல்லோரும் துருக்கியில் பேசுகிறார்கள், ஏனென்றால் குர்திய மொழியைப் பயன்படுத்தியிருந்தால் நடித்தவர்கள் எல்லோரும் சிறைக்குப் போயிருப்பார்கள் என்று குனே பின்னர் சொன்னார். 1981இல் சிறை விடுமுறையில் வெளியே வந்தவர் நாட்டை விட்டுத் தப்பினார். ‘யோல்’லின் படத்தொகுப்பையும் ஒலிச் சேர்ப்பையும் ஐரோப்பாவில் செய்தபோது, பாட்டிலும் பின்னணிக் குரல்களிலும் குர்திய மணத்தைக் கொண்டுவர முயன்றார். 1982இல் கான் திரைப்பட விழாவின் தங்கப் பனை விருதைக் கொஸ்தா-கவ்ராஸின் படம் ஒன்றோடு பகிர்ந்துகொண்டது அந்தப் படம். துருக்கியில் அதைத் திரையிட 1999 வரை காத்திருக்கவேண்டியிருந்தது.

இதிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்று இருக்கிறது. பிரெஞ்சில் நாடகம் போடும் எங்கள் இளையவர்களுக்கு இது நேரடியாக உதவும். முழு நாடகமும் பிரெஞ்சில் இருக்கலாம். ஆனால் கூப்பிடுவது, அதட்டுவது, பிள்ளையைத் தாலாட்டுவது, வலிக்குக் கத்துவது, கடவுளைக் கூப்பிடுவது இந்த ஐந்தையும் தமிழில் விடுங்கள். பிரெஞ்சுக்காரருக்கு அது விளங்கும், விளக்கம் தேவையில்லை. எங்கள் சனத்துக்கு வயிற்றில் அடிக்கும்.

குனேயைக் கொண்டாடுகிறவர்கள் பலர் அந்த நீதிபதியின் பெயரைச் சொல்வதில்லை. நான் பிள்ளைகளுக்குச் சொல்லுவேன், ஒரு மனிதர் செத்திருக்கிறார். இன்னொன்றும் சொல்லுவேன். 1983இல் பிரான்சில் எடுத்த கடைசிப் படமான ‘துவார்’ சிறைக்குள் இருக்கும் சிறுவர்கள் பற்றியது. அந்தப் படப்பிடிப்பைப் பதிவுசெய்த ஆவணப்படத்தில், நடிக்கும் சிறுவர்களிடம் அவர் எவ்வளவு கடுமையாக நடந்தார் என்பது தெரிகிறது. உண்மையான பயத்தை முகத்தில் கொண்டுவர உண்மையாகவே பயமுறுத்துவது ஒரு வழி என்று நினைத்திருக்கிறார். அது சரியான வழி இல்லை. பிள்ளைகளோடு வேலை செய்யும் யாரும் அதைக் குனேயின் பெயரால் நியாயப்படுத்தக்கூடாது. எங்கள் ஒத்திகையில் அழவேண்டிய காட்சி என்றால், பிள்ளை விரும்பும் நேரத்தில் நிறுத்துவதற்கு ஒரு சொல் வைத்திருக்கிறோம். அந்தச் சொல் வந்தால் நானும் நிறுத்திவிடுவேன்.

அவர் 1984 செப்டம்பரில் பாரிஸில் வயிற்றுப் புற்றுநோயால் இறந்தார், வயது 47. பெர் லாஷேஸ் மயானத்தில் அடக்கம். அதற்கு முந்தைய ஆண்டு பாரிஸில் குர்திய நிறுவனத்தைத் தொடங்கியவர்களில் அவரும் ஒருவர்.

இடம் கிடைப்பதைப் பற்றிச் சொல்லவேண்டும், ஏனென்றால் புலம்பெயர் நாடகத்தில் பாதி வேலை மண்டபம் தேடுவதுதான். 2012இல் தியார்பக்கிர் மாநகர நாடக அரங்கும் ஆம்ஸ்டர்டாமின் ரஸ்த் குழுவும் சேர்ந்து ‘ஹாம்லெட்’டைக் குர்திய மொழியில் போட்டன, ஜெலில் தொக்சோஸ் இயக்கத்தில். மாநகராட்சி மேடை, சம்பளம் வாங்கும் குர்திய நடிகர்கள்: அது ஒரு பொற்காலம் மாதிரித் தெரிந்தது. 2016இல் அரசு அந்த மாநகராட்சிக்குத் தன் ஆளை நியமித்ததைத் தொடர்ந்து நடிகர்கள் வேலையிழந்தார்கள். அவர்கள் கலைந்துபோகவில்லை. ‘ஆமெத் நகர நாடக அரங்கு’ என்ற பெயரில் தாங்களே ஒரு குழுவாக எழுந்தார்கள். ஆமெத் என்பது தியார்பக்கிரின் குர்தியப் பெயர். 2020 அக்டோபரில் இஸ்தான்புல் நகர நாடக அரங்கில், அதன் 106 ஆண்டு வரலாற்றில் முதல் தடவையாக ஒரு குர்திய நாடகம் ஏறவிருந்தது. இத்தாலிய நாடகாசிரியர் தாரியோ ஃபோவின் நாடகத்திலிருந்து ‘தியாத்ரா ஜியானா நூ’ செய்த ‘பேரூ’. திரை விலகச் சில மணி நேரம் இருக்கும்போது மாவட்ட ஆளுநர் அலுவலகம் தடை விதித்தது.

இதைக் கேட்ட நாளிலிருந்து எங்கள் நாடகங்களின் பொருட்கள் எல்லாம் இரண்டு பயணப் பெட்டிக்குள் அடங்கவேண்டும் என்று தீர்மானித்தோம். எங்களுக்கு ஆளுநர் தடை இல்லை. ஆனால் மண்டபக்காரர் கடைசி நேரத்தில் கலியாணத்துக்குக் கொடுத்துவிடுவார், மின்சாரம் போதாது என்பார்கள், சாவு வீடு வந்துவிடும். விளக்கு நான்கு போதும் என்று காட்சிகளை அமைப்பது, திரை இல்லாமல் காட்சி மாற்றுவது, ஒலிவாங்கி இல்லாமல் பின்வரிசைக்குக் கேட்கப் பேசுவது: இந்த மூன்றும் இருந்தால் நாடகம் பள்ளிக்கூட வகுப்பறையிலும் நடக்கும், கோயில் மண்டபத்திலும் நடக்கும்.

பணத்தைப் பற்றி எங்கள் ஆட்கள் கதைப்பது குறைவு. குர்திய நண்பர் இதில் என்னைவிடத் தெளிவானவர். துருக்கியில் அவரோடு நடித்தவர்கள் பலர் பகலில் துருக்கித் தொலைக்காட்சித் தொடரில் சின்னப் பாத்திரம் செய்து, அந்தக் காசில் இரவில் குர்திய நாடகம் போட்டவர்கள். அதை அவர் இழிவாகப் பேசியதில்லை. கமராவுக்கு முன்னால் குறைவாகச் செய்யப் படித்தது மேடைக்கு உதவியது என்பார். பிரான்சில் நடிகர்களுக்கு ஒரு பாதுகாப்பு உண்டு. 12 மாதத்துக்குள் 507 மணி நேரம் பதிவான வேலை காட்டினால் வேலையில்லாக் காலத்துக்கு உதவித்தொகை கிடைக்கும். ஒரு ‘கஷே’, அதாவது ஒரு நிகழ்ச்சிக்கான கூலிச் சீட்டு, 12 மணி நேரமாகக் கணக்கிடப்படும். அப்படியென்றால் 43 கஷே வேண்டும். எங்கள் சங்கங்கள் கையில் காசு கொடுத்துப் பொன்னாடை போர்த்தி அனுப்பிவிடும். அந்தக் காசு அந்த மணிக்கணக்கில் சேராது. எப்போதாவது நிகழ்ச்சி நடத்தும் சங்கங்கள் ‘குசோ’ என்ற அரச சேவையூடாக நடிகருக்குச் சம்பளச் சீட்டு போடலாம். ஆண்டுக்கு 6 நிகழ்ச்சிக்கு மேல் போனால் தயாரிப்பாளர் பதிவு எடுக்கவேண்டும். நடிப்பை வாழ்க்கையாக எடுக்க நினைக்கும் பிள்ளைக்கு நூறு பொன்னாடையைவிட ஒரு கஷே பெரிய மரியாதை. 2015இல் தங்கப் பனை வாங்கிய ‘தீபன்’ படத்தில் எங்கள் ஷோபாசக்தி தமிழிலேயே கதாநாயகனாக நடித்தபிறகு, நடிகராகலாம் என்ற எண்ணம் இங்குள்ள பிள்ளைகளிடம் கூடியிருக்கிறது. எண்ணத்துக்கு அடுத்தபடியாக இந்தக் கணக்கையும் அவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கவேண்டும்.

2022 டிசம்பர் 23இல் அதே கீழ் முனையில், ரூ தோங்கியான் என்ற தெருவில் இருக்கும் அஹ்மத் காயா குர்தியப் பண்பாட்டு மையத்துக்கு முன்னாலும் சுற்றியும் ஒருவன் சுட்டதில் மூன்று குர்தியர்கள் இறந்தார்கள். அவர்களில் மீர் பெர்வெர் ஒரு பாடகர். அந்த நாட்களில் எங்கள் குழுவினர் மெழுகுதிரியோடு போய் நின்றோம். அடுத்த பட்டறை எப்போது என்று கேட்டதற்கு நண்பர் திகதி சொன்னார். அந்தத் திகதியில் நடந்தது.

கடைசியாக, மேல்வரி. குர்தியக் குழுக்கள் ஐரோப்பாவில் நாடகம் போடும்போது மேடைக்கு மேலே பிரெஞ்சிலோ ஜெர்மனிலோ வரிகள் ஓடவிடுவதைப் பார்த்தேன். அதனால்தான் எனக்கே நாடகம் விளங்கியது. எங்கள் தமிழ் நாடகங்களுக்கு மருமக்களும் பிள்ளைகளின் பிரெஞ்சு நண்பர்களும் வந்து, ஒன்றும் விளங்காமல் கைதட்டிவிட்டுப் போகிறார்கள். ஒரு மடிக்கணினி, ஒரு புரொஜெக்டர், நாடகத்தை மனப்பாடமாகத் தெரிந்த ஒரு ஆள் போதும். அந்த ஆள் எல்லா ஒத்திகைக்கும் வரவேண்டும், நடிகர் வசனத்தை விழுங்கினால் வரியைத் தாண்டத் தெரியவேண்டும். ஒரு தடவைக்கு இரண்டு வரிக்கு மேல் போடாதீர்கள், பாட்டுக்கு முழு மொழிபெயர்ப்பு வேண்டாம், சாரத்தை மட்டும் ஒரு வரியில் போடுங்கள். நகைச்சுவை வரியை நடிகர் சொல்லி முடிக்கும் முன்னே காட்டிவிடாதீர்கள், பிரெஞ்சு தெரிந்தவர்கள் முதலில் சிரித்து நடிகரைக் குழப்பிவிடுவார்கள். ஒப்பாரிக்கு நாங்கள் வரியே போடுவதில்லை.